குடும்பத்தோடு சோல் போகிறீர்களா? கடைகளுக்கு முன்னால் சாப்பாட்டைத் திட்டமிடுங்கள்

மகளுக்கு ஒலிவ் யங் கடை. அப்பாவுக்குக் கரி அடுப்பில் சுட்டுச் சாப்பிடும் கோழி. அம்மாவுக்குக் கிம்ச்சி, கடற்பாசி, முகப்பூச்சு. பாட்டிக்கு?

பாட்டியிடம் பெரும்பாலும் யாரும் கேட்பதில்லை. "நான் எதையாவது சாப்பிட்டுக்கிறேன்"னு அவரும் சொல்லிவிடுவார். சோலில் இரண்டாம் நாள் இரவு ஹோட்டல் அறையில் பிஸ்கட்டும் வாழைப்பழமும் சாப்பிட்டுக்கொண்டு உட்கார்ந்திருப்பவரும் அவராகத்தான் இருப்பார்.

என் அம்மாவுக்கு அப்படித்தான் ஆனது. அவர் மாட்டிறைச்சி சாப்பிடுவதில்லை. முதல் நாள் ஒரு நூடுல்ஸ் கடையில் "மாட்டிறைச்சி வேண்டாம்" என்று தெளிவாகச் சொன்னோம். கடைக்காரரும் சிரித்துக்கொண்டே தலையாட்டினார். வந்த கிண்ணத்தில் இறைச்சித் துண்டு ஒன்றுகூட இல்லை. ஆனால் அந்தச் சாறு எலும்பை மணிக்கணக்கில் கொதிக்கவைத்து எடுத்தது. பாதி குடித்த பிறகுதான் எங்களுக்குத் தெரிந்தது.

கடைக்காரர் ஏமாற்றவில்லை. நாம் கேட்ட கேள்விதான் தப்பு.

சாற்றைப் பற்றிக் கேளுங்கள்

கொரியச் சமையலில் இறைச்சி கண்ணுக்குத் தெரியும் இடத்தைவிடத் தெரியாத இடத்தில்தான் அதிகம். சூப், நூடுல்ஸ், குழம்பு எல்லாவற்றுக்கும் அடிப்படை ஒரு சாறு. அதன் பெயர் 'யுக்சு'. மாட்டு எலும்பில் செய்வார்கள், கோழியில் செய்வார்கள், காய்ந்த நெத்திலியில் செய்வார்கள்.

நாடகங்களில் பார்த்துப் பிள்ளைகள் ஆசைப்படும் தொக்பொக்கியை எடுத்துக்கொள்ளுங்கள். சிவப்புக் குழம்பில் அரிசிப் பிட்டுத் துண்டுகள். பார்க்கச் சைவம். ஆனால் குழம்பு பெரும்பாலும் நெத்திலிச் சாற்றில் செய்தது. கூடவே மீன் கேக்கும் கிடக்கும். கிம்ச்சியில் மீன் சாறோ உப்பிட்ட இறாலோ சேர்ப்பது வழக்கம். கிம்பாப் சுருளில் பன்றி ஹாம், நண்டுக்குச்சி, முட்டை எல்லாம் இருக்கும். கோடையில் விற்கும் குளிர் நூடுல்ஸான நேங்மியோன் சாறு பெரும்பாலும் மாட்டிறைச்சியில் எடுத்தது.

ஆகவே 3 சொற்களை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். 'சோகோகி' என்றால் மாட்டிறைச்சி. 'த்வேஜிகோகி' பன்றி இறைச்சி. 'யுக்சு' சாறு. "சோகோகி மொன் மொகொயோ" என்றால் "மாட்டிறைச்சி சாப்பிட முடியாது" என்று பொருள். அதோடு 'யுக்சு' என்று சொல்லிக் கிண்ணத்தைக் காட்டிக் கேட்டால் விஷயம் புரிந்துவிடும். இன்னும் நல்ல வழி: வீட்டில் யார் யார் எதைச் சாப்பிடமாட்டார்கள், சாற்றிலும் அது இருக்கக்கூடாது என்பதைக் கொரிய மொழியில் மொழிபெயர்த்துக் கைப்பேசியில் படமாக வைத்துக்கொள்வது. சந்தையில் சத்தம் அதிகம், இணையம் சில நேரம் மெதுவாக இருக்கும். படத்தைக் காட்டினால் போதும்.

பலருக்குத் தெரியாத உதவி ஒன்று சுவரிலேயே இருக்கிறது. மாடு, பன்றி, கோழி, கிம்ச்சி போன்றவை எந்த நாட்டிலிருந்து வந்தவை என்று கொரிய உணவகங்கள் எழுதி ஒட்ட வேண்டும். அந்தப் பலகையைக் கைப்பேசியின் மொழிபெயர்ப்புக் கேமராவால் பாருங்கள். எந்த இறைச்சி அந்தச் சமையலறைக்குள் வருகிறது என்று ஓரளவு தெரிந்துவிடும். கடையில் வாங்கும் பொட்டலங்களும் அப்படித்தான். அங்கு மாட்டிறைச்சியும் பன்றி இறைச்சியும் ஒவ்வாமைப் பட்டியலில் உள்ளவை. பொட்டலத்தின் பின்பக்கத்தில் தனியாகக் குறிப்பிட்டிருப்பார்கள். இங்கே நாம் வாங்கும் அதே பெயருள்ள உடனடி நூடுல்ஸ்தானே என்று நினைக்க வேண்டாம். ஏற்றுமதிக்குச் செய்வதும் கொரியாவுக்குள் விற்பதும் ஒன்றாக இருக்கவேண்டிய அவசியமில்லை.

இன்னொன்று. சந்தையில் ஆங்கிலத்தில் 'சண்டே' என்று எழுதியிருந்தால் பிள்ளைகள் ஐஸ்கிரீம் என்று ஓடுவார்கள். அது 'சுந்தே'. பன்றிக்குடலில் இரத்தமும் நூடுல்ஸும் அடைத்துச் செய்வது.

அப்படியென்றால் பாட்டி என்னதான் சாப்பிடுவார்?

நிறைய இருக்கிறது. தேடிப் போகவேண்டும், அவ்வளவுதான்.

இன்சாதோங் பக்கம் ஜோக்யேசா புத்தர் கோயில் இருக்கிறது. அதன் எதிரே இருக்கும் பல்வூ கோங்யாங், கொரிய பௌத்தத்தின் ஜோக்யே பிரிவு நடத்தும் கோயில் உணவகம். இறைச்சி, மீன் கிடையாது. வெங்காயம், பூண்டுகூடக் கிடையாது. ஒரு காலத்தில் மிஷலின் நட்சத்திரம் வாங்கிய இடம் என்பதால் விலை கொஞ்சம் அதிகம், முன்பதிவும் தேவை. வெள்ளி, சனி என்று விரதம் பார்க்கும் பெரியவர்களுக்கு ஒரு வேளையாவது நிம்மதியாக உட்கார்ந்து சாப்பிட முடியும். அதற்காகவே செலவழிக்கலாம் என்பேன்.

ஜூன் விடுமுறையில் போனால் 'கோங்குக்சு' கிடைக்கும். சோயா அவரையை அரைத்தெடுத்த குளிர்ந்த பாலில் நூடுல்ஸ். அதில் இறைச்சிச் சாறு சேர்ப்பதில்லை. மேலே முட்டை வைக்கிறார்களா என்று மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள். குளிர்காலத்தில் 'ஹோத்தொக்': உள்ளே சர்க்கரைப் பாகும் பட்டையும் கொட்டைகளும் வைத்து எண்ணெயில் சுடும் அப்பம். பிபிம்பாப் கடைகளில் "கோகி ப்பேஜுசேயோ", அதாவது இறைச்சியை எடுத்துவிடுங்கள், என்று சொல்லலாம். மேலே ஊற்றும் மிளகாய் விழுதில் இறைச்சி கலந்திருக்கிறதா என்று கேட்பது உங்கள் வேலை.

ஹலால் உணவுக்கும் இந்தியச் சாப்பாட்டுக்கும் இத்தேவோன். 1976இல் திறக்கப்பட்ட சோல் மத்தியப் பள்ளிவாசல் அங்குதான் இருக்கிறது. சுற்றியுள்ள தெருக்களில் ஹலால் கொரிய உணவும் கிடைக்கிறது. ஆனால் ஏற்றமான பகுதி, முழங்கால் வலி உள்ளவர்கள் டாக்சியில் போகலாம்.

குவாங்ஜாங் சந்தையைத் தவறவிட வேண்டாம். 1905இல் தொடங்கியது. நெருக்கமான கடைகளுக்கு நடுவே ஆட்டுக்கல் சுற்றிக்கொண்டிருக்கும். ஊறவைத்த பாசிப்பயற்றை அரைத்து, முளைப்பயறு கலந்து, எண்ணெய் மிதக்கச் சுடுவதுதான் 'பின்டேத்தொக்'. "இது நம்ம பெசரட்டு மாதிரில இருக்கு" என்றார் அம்மா. சரிதான், கொஞ்சம் தடிமன் அதிகம். சில கடைகளில் மாவிலேயே பன்றி இறைச்சி சேர்ப்பார்கள், எனவே வாங்குமுன் கேளுங்கள். உட்காருமுன் விலைப் பலகையையும் பார்த்துவிடுங்கள்.

ஒரே ரயில் பாதையில் பாதிக் கடைகள்

சோல் பெரிய நகரம். ஹோங்தேயில் காலை, கங்னாமில் மதியம், தோங்தேமுனில் இரவு என்று போட்டால் பாதி நாள் ரயிலிலேயே போய்விடும். குடும்பத்தோடு போகும்போது 4ஆம் எண் பாதையைப் பிடித்துக்கொள்வது சுலபம். சோல் நிலையத்துக்கு அடுத்து ஹோஹியோன், அங்கே நம்தேமுன் சந்தை. அடுத்தது மியோங்தோங், முகப்பூச்சுக் கடைகளும் மாலைநேர உணவு வண்டிகளும். அங்கிருந்து 3 நிலையங்கள் தாண்டினால் தோங்தேமுன். அங்கு 1ஆம் எண் பாதைக்கு மாறி ஒரு நிலையம் போனால் குவாங்ஜாங். இந்தப் பாதையை ஒட்டி ஹோட்டல் எடுத்தால் மதியம் பாட்டியை அறையில் ஓய்வெடுக்க விட்டுவிட்டு மீண்டும் கிளம்பலாம். இஞ்சோன் விமான நிலையத்திலிருந்து சோல் நிலையத்துக்கு நிற்காத ரயிலும் உண்டு, முதல் முனையத்திலிருந்து 43 நிமிடம்.

எல்லா வாசலிலும் மின்தூக்கி இல்லை. தள்ளுவண்டியோ பெரியவர்களோ இருந்தால் எந்த எண் வாசலில் மின்தூக்கி என்று முன்கூட்டியே பாருங்கள். அதற்கு நேவர் வரைபடச் செயலியைப் பதிவிறக்கிக்கொள்வது நல்லது. கூகல் வரைபடம் பல ஆண்டுகளாக அங்கு நடைவழியைச் சரியாகக் காட்டியதில்லை. டி-மணி அட்டையைப் பேரங்காடியில் தேட வேண்டாம், எந்த 24 மணிநேரக் கடையிலும் வாங்கலாம். ஆனால் பணம் நிரப்பக் கையில் ரொக்கம் இருப்பது நல்லது. சாதாரண டாக்சியில் 4 பேர்தான். ஐவர் குடும்பம் என்றால் பெரிய வாகனமாகப் பார்த்து அழைக்கவேண்டும்.

எங்கே எதை வாங்குவது?

முகப்பூச்சு வகைகளுக்கு ஒலிவ் யங் போதும். மார்ச், ஜூன், செப்டம்பர், டிசம்பரை ஒட்டிப் பெரிய தள்ளுபடி நடக்கும். நம் பள்ளி விடுமுறையோடு கிட்டத்தட்டப் பொருந்திவருவது அதிர்ஷ்டம், அல்லது பணப்பைக்குத் துரதிர்ஷ்டம். எல்லாமே சிங்கப்பூரைவிட மலிவு என்று நினைத்துவிடாதீர்கள். இங்கே விற்கும் விலையைக் கைப்பேசியில் வைத்துக்கொண்டு ஒப்பிடுங்கள். கணக்குக்கு 3 சுழியங்களைத் தட்டிவிட்டால் போதும். 1,000 வொன் ஒரு வெள்ளிக்குச் சற்றுக் குறைவு.

குழந்தைகளின் உடைக்கு நம்தேமுன். அங்கே 5 என்று போட்ட சட்டை 5 வயதுக் குழந்தைக்கு அல்ல. கொரிய எண்களில் அது ஏறக்குறைய ஒன்றரை வயதுக் குழந்தைக்கானது. வயதைச் சொல்லாமல் பிள்ளையின் உயரத்தைச் சென்டிமீட்டரில் சொல்லுங்கள். காலணியும் மில்லிமீட்டரில்தான், 230, 250 என்று. ஞாயிற்றுக்கிழமை நம்தேமுனில் பல கடைகள் மூடியிருக்கும்.

தோங்தேமுனின் மொத்த விற்பனைக் கடைகள் இரவில் திறந்து விடியும்வரை நடப்பவை. போட்டுப் பார்க்க விடமாட்டார்கள், 'ஃப்ரீ சைஸ்' என்பார்கள். அந்த ஃப்ரீ சைஸ் நம்மில் பலருக்குப் பத்தாது. பதின்ம வயதுப் பிள்ளைகளை அழைத்துப் போகலாம், மற்றவர்கள் தூங்கலாம்.

பொட்டலத் தின்பண்டம், கடற்பாசி வாங்க சோல் நிலையத்தை ஒட்டிய லோட்டே மார்ட் வசதி. ஆனால் கொரியாவில் பெரிய பேரங்காடிகள் மாதத்தில் 2 நாள், பெரும்பாலும் ஞாயிற்றுக்கிழமைகளில், மூடப்படுவது வழக்கம். கடைசி நாளுக்கு எல்லாவற்றையும் தள்ளிப்போட்டவர்கள் கதவைப் பார்த்துவிட்டுத் திரும்பியது உண்டு. நாங்களும் அதில் சேர்த்தி.

வரி: அங்கே திரும்பக் கிடைக்கும், இங்கே கட்ட நேரலாம்

ஒரே ரசீதில் 15,000 வொன்னுக்கு மேல் வாங்கினால் சுற்றுப்பயணிகள் வரியைத் திரும்பப் பெறலாம். 1 மில்லியன் வொன்னுக்கு உட்பட்ட ரசீது என்றால் பல கடைகளில் பணம் கட்டும்போதே கழித்துக்கொள்வார்கள். ஒரு பயணத்துக்கு மொத்தம் 5 மில்லியன் வொன் வரை அப்படிச் செய்யலாம். அதற்குக் கடப்பிதழ் கையில் இருக்கவேண்டும். பிள்ளைகள் ஒரு பக்கம், நீங்கள் ஒரு பக்கம் என்று பிரிந்து சின்னச் சின்ன ரசீதாகக் கட்டினால் அந்தச் சலுகை போய்விடும். வரி 10 விழுக்காடு என்றாலும் கட்டணம் கழித்துக் கைக்கு வருவது அதைவிடக் குறைவு.

சிங்கப்பூர் திரும்பும்போது கணக்கு மாறுகிறது. 48 மணிநேரமோ அதற்கு மேலோ வெளிநாட்டில் இருந்திருந்தால் ஒருவருக்கு 500 வெள்ளி மதிப்புள்ள பொருள்களுக்குப் பொருள், சேவை வரி இல்லை. அதற்குக் குறைவான நேரம் என்றால் 100 வெள்ளி. மேற்பட்ட தொகைக்கு 9 விழுக்காடு. 800 வெள்ளிக்கு வாங்கியிருந்தால் 300 வெள்ளிக்கு வரி, அதாவது 27 வெள்ளி. சுங்கத்துறையின் இணையச் சேவையில் முன்கூட்டியே கட்டிவிட்டுப் பச்சை வழியில் நடந்துவரலாம். கட்டாமல் பிடிபட்டால் 27 வெள்ளியோடு முடியாது.

இறைச்சி கலந்த உணவுப்பொருள்களைக் கொண்டுவரச் சிங்கப்பூர் உணவு அமைப்பின் கட்டுப்பாடுகள் உண்டு. எந்த நாட்டின் எந்த இறைச்சிக்கு அனுமதி என்பது மாறிக்கொண்டிருக்கும். வாங்குமுன் அமைப்பின் இணையப்பக்கத்தைப் பார்த்துவிடுங்கள். பிள்ளைகள் பையில் சூயிங்கம் போட்டிருக்கிறார்களா என்றும் பாருங்கள்.

கிளம்புமுன்

சிங்கப்பூர்க் கடப்பிதழுக்கு விசா தேவையில்லை. 'கே-இடிஏ' எனும் மின்னியல் பயண அனுமதியிலிருந்து தற்போது விலக்கும் உண்டு. ஆனால் அந்த விலக்குக்குக் காலக்கெடு இருக்கிறது, டிக்கெட் எடுக்கும்போது மீண்டும் பாருங்கள். மின்னியல் வருகை அட்டையைப் போய்ச் சேர 3 நாள் இருக்கும்போதிலிருந்து இணையத்தில் நிரப்பலாம். அது இலவசம், பணம் கேட்கும் பக்கம் எதுவும் அதிகாரபூர்வமானது அல்ல. ஜூன் கடைசியில் அங்கு மழைக்காலம் தொடங்கும். டிசம்பரில் வெப்பநிலை சுழியத்துக்குக் கீழ் போகும். சூசோக், சொல்லால் பண்டிகை நாள்களில் சந்தைகள் பல மூடியிருக்கும்.

கடைசியாகக் கிம்ச்சி. விமான நிலையப் பாதுகாப்புச் சோதனையில் அதைத் திரவமாகத்தான் கணக்கிடுவார்கள். மிளகாய் விழுதும் அப்படியே. கைப்பையில் வைத்தால் அங்கேயே விட்டுவிட்டு வரவேண்டியதுதான். பெரிய பெட்டியில் வையுங்கள். பொட்டலத்துக்குள்ளும் புளித்துக்கொண்டே இருப்பதால் கொஞ்சம் உப்பும், பயப்பட வேண்டாம். ஆனால் 2 நெகிழிப் பைகளில் சுற்றி, பாட்டியின் சேலைகள் இல்லாத பெட்டியாகப் பார்த்து வையுங்கள்.