சான்றிதழில் 40 சதவிகிதம்... இழப்பீடு எவ்வளவு?

தென்னை மரம் ஏறும் தொழிலாளி ஒருவர் சாலை விபத்தில் சிக்குகிறார். முழங்காலை மடக்க முடியவில்லை. மருத்துவச் சான்றிதழில் ‘நிரந்தர ஊனம் 40 சதவிகிதம்’ என்றிருக்கிறது. அப்படியென்றால், வருமான இழப்பும் 40 சதவிகிதம்தானா?

இல்லை. உடல் ஊனம் வேறு, சம்பாதிக்கும் திறனில் ஏற்படும் இழப்பு வேறு என்று 2010-ம் ஆண்டு உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியிருக்கிறது. இடது கையை இழந்தவர் ஓட்டுநராகவோ தச்சராகவோ இருந்தால், பிழைப்பே ஏறக்குறைய போய்விடும். அரசு அலுவலக எழுத்தராக இருந்தால், வேலையில் தொடரலாம்.

ஓர் உதாரணக் கணக்கு. தொழிலாளிக்கு வயது 44, மாத வருமானம் 15,000 ரூபாய் என வைத்துக்கொள்வோம். ஆண்டுக்கு 1,80,000 ரூபாய். எதிர்கால வருமான உயர்வுக்காக 25 சதவிகிதம் சேர்த்தால், 2,25,000 ரூபாய். இந்த வயதுக்கான பெருக்கு எண் 14. இழப்பு 40 சதவிகிதம் என்றால் 12,60,000 ரூபாய். 80 சதவிகிதம் என்று தீர்ப்பாயம் ஏற்றால் 25,20,000 ரூபாய். மருத்துவச் செலவு, உதவியாளர் செலவு, வலி, வேதனைக்கான தொகை எல்லாம் தனி.

அதனால், சான்றிதழை மட்டும் நம்பியிருக்கக் கூடாது. விபத்துக்கு முன்பு என்ன வேலை செய்தார், இப்போது எதைச் செய்ய முடியவில்லை என்பதை நிரூபிக்க வேண்டும். மருத்துவரின் சாட்சியம், வேலை கொடுத்த தோப்புக்காரர்களின் சாட்சியம், வங்கிக் கணக்கு விவரம் ஆகியவை கைகொடுக்கும். மோட்டார் வாகனச் சட்டப்படி, விபத்து நடந்த 6 மாதங்களுக்குள் மனு செய்துவிடுவது நல்லது. வழக்கறிஞர் வைக்க வசதியில்லாதவர்கள், மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவை அணுகலாம்.