தட்டுக்குள் ஓர் ஆலமரம்

சித்தூரிலிருந்து பஸ் ஏறிக் காணிப்பாக்கம் போய்வரும் நம்மவர்கள், அங்கே கிணற்று நீரில் வீற்றிருக்கும் வரசித்தி விநாயகர் நாளுக்கு நாள் வளர்கிறார் என்று கேள்விப்படாமல் திரும்புவதில்லை. முன்பு அளவெடுத்துச் செய்த வெள்ளிக் கவசம் இப்போது பொருந்தவில்லை என்பதைச் சான்றாகச் சொல்வார்கள். அங்கே வளர்வது விசேஷம். ஜப்பானியரின் 'போன்சாய்' மரத்துக்கோ குட்டையாக நிற்பதே விசேஷம்.

இதற்குப் பெரிய தோட்டம் வேண்டாம். ஒற்றை அறை வாடகை வீட்டின் மாடிப்படி ஓரமே போதும். பணம் கொடுத்துக் கன்று வாங்கவும் வேண்டாம். பறவை எச்சத்தால் சுவர் வெடிப்பில் ஆலும் அரசும் இச்சியும் முளைத்திருக்கும். கேட்டால் வீட்டுக்காரரே சந்தோஷமாகப் பிடுங்கித் தருவார்! அரசை வீட்டில் வைக்கத் தயங்குகிறவர்கள் இச்சியை எடுத்துக்கொள்ளலாம்.

மழைக்காலத் தொடக்கத்தில் எடுத்து, முதலில் தொட்டியில் வளர்த்துத் தண்டைத் தடிக்கவிட வேண்டும். பிறகு ஆணிவேரை வெட்டி, பக்கவேர்களை விட்டு, அடியில் துளையுள்ள ஆழமில்லாத தட்டுக்கு மாற்ற வேண்டும். செம்மண், பருமணல், மக்கிய எரு மூன்றும் கலந்தால் நீர் தேங்காது. கிளையை வளைக்கச் செம்புக் கம்பி சுற்றுவார்கள். பட்டையில் பதியுமுன் அவிழ்த்துவிட வேண்டும். நுனிக் கொழுந்தைக் கிள்ளிக்கொண்டே இருந்தால் இலை சிறுக்கும். பழம் மட்டும் சிறுக்காது. குட்டை ஆலிலும் வழக்கமான அளவுப் பழமே பழுக்கும்.

"மரத்தைப் பட்டினி போடும் கொடுமை" என்பாருண்டு. அது சரியல்ல. எருவும் நீரும் குறைந்தால் போன்சாய் செத்துவிடும். தரையில் நட்டால் அதுவே மீண்டும் பெருமரமாகும். ஜப்பானில் யமாகி குடும்பத்தார் வைத்திருந்த பைன் மரம் ஒன்று 1625 முதல் இப்படிப் பராமரிக்கப்படுவது. 1945 ஆகஸ்டு 6-ல் ஹிரோஷிமாவில் குண்டு விழுந்தபோது, சுமார் மூன்று கிலோமீட்டர் தொலைவில் ஒரு மதிலின் மறைவில் அது தப்பியது. 1976-ல் அதை அமெரிக்காவுக்கே அன்பளிப்பாகக் கொடுத்தார்கள். அது குண்டுக்குத் தப்பிய மரம் என்ற கதை 2001-ல், பேரன்மார் வந்து பார்த்தபோதுதான் வாஷிங்டனில் தெரியவந்தது.

நம்மவர்களுக்கு ஒரே சங்கடம், லீவு. தட்டில் மண் கொஞ்சம். சித்தூர் வெயிலில் இருவேளை நீர் கேட்கும். சித்திரையில் நான்கு நாள் ஊருக்குப் போய்த் திரும்பினால் குச்சிதான் மிஞ்சும். புறப்படுமுன் தட்டை நிழலுக்கு நகர்த்தி, ஈரச் சாக்கைச் சுற்றி, பக்கத்து வீட்டு அம்மாவிடம் சொல்லிவிட்டு ரயிலேறுவது நல்லது. மாற்றல் உத்தரவு வந்தாலோ, மடியிலேயே வைத்து எடுத்துப் போகலாம்.