கோல்கீப்பர் அடித்த கோல்
இங்கிலாந்தின் வடகோடியில், ஸ்காட்லாந்து எல்லைக்குச் சமீபத்திலுள்ள கார்லைல் நகரத்தின் கால்பந்துக் கழகமாகிய கார்லைல் யுனைட்டெட், 1998-99 பருவம் முழுவதும் தடுமாறி, லீக் அந்தஸ்தையே இழக்கும் அபாயத்தோடு, 1999 மே 8ஆம் தேதி பிளிமத் ஆர்கைல் அணியைச் சந்தித்தது. ஆட்டம் 1-1 என்று நிற்க, 90 நிமிஷமும் கடந்து, உபரி நேரமும் தீரும் தறுவாயில் கிடைத்த கார்னர் உதையின்போது, ஸ்விண்டன் கழகத்திலிருந்து இரவலாக வந்திருந்த கோல்கீப்பர் ஜிம்மி கிளாஸ், தம் ஸ்தானத்தை விட்டு மைதானத்தின் மறுகோடிக்கு ஓடி, எதிரணிக் கீப்பரின் கையில் பட்டுத் திரும்பிய பந்தை வலக்காலால் வலைக்குள் செலுத்தினார். அப்புறம் கேட்பானேன், ஜனங்கள் மைதானத்துக்குள் புகுந்துவிட்டார்கள்! பாவம், தங்கள் ஆட்டம் முன்னரே முடிந்து, பிழைத்தோமென்று ஆனந்தித்துக்கொண்டிருந்த ஸ்கார்பரோ ரசிகர்களின் கழகமே கார்லைலுக்குப் பதிலாக லீக்கிலிருந்து வெளியேற நேர்ந்தது. கிளாஸ் கார்லைலுக்காக ஆடியதோ மூன்றே ஆட்டங்கள்.