குரோ எனப்படும் அப்சாலூக்கே மக்கள்: பெயரும் உறவும் மொழியும்

ஓர் இனத்தைப் பிறர் அழைக்கும் பெயர் ஒன்றாகவும், அவ்வினம் தன்னை அழைத்துக்கொள்ளும் பெயர் வேறாகவும் இருப்பது உலக வரலாற்றில் அரிதன்று. வட அமெரிக்காவின் மொன்டானா மாநிலத்தில் வாழும் பழங்குடி மக்களுள் ஓர் இனத்தார் ஆங்கிலத்தில் 'குரோ', அதாவது காகம், என்றே அறியப்படுகின்றனர். ஆனால், அவர்கள் தம்மை 'அப்சாலூக்கே' என்கின்றனர். 'பெரிய அலகுடைய பறவையின் பிள்ளைகள்' என்பது அதன் பொருள். பிரெஞ்சு வணிகர் இதனைக் 'காகங்களின் மக்கள்' எனப் பெயர்த்தனர். ஆங்கிலம் பேசியோர் அதையும் சுருக்கிக் 'காகம்' என்றாக்கினர். இம்மொழிபெயர்ப்பில் 'பிள்ளைகள்' என்ற சொல் உதிர்ந்துபோயிற்று. உறவைக் குறிக்கும் அச்சொல்லே அம்மக்களின் வாழ்வை நாம் விளங்கிக்கொள்வதற்குரிய திறவுகோலாகும்.

விதை தந்த பயணம்

குரோ மொழி சூ மொழிக் குடும்பத்தைச் சேர்ந்தது. அதற்கு மிக நெருங்கிய மொழி, மிசௌரி ஆற்றங்கரையில் ஊர் அமைத்துச் சோளம் பயிரிட்டு வாழ்ந்த ஹிடாட்சா மக்களின் மொழியாகும். இவ்விரு மக்களும் முன்னொரு காலத்தில் ஒன்றாயிருந்து பிரிந்தவர்கள் என்பதை மொழி ஒப்பீடும் செவிவழி மரபும் ஒருங்கே உணர்த்துகின்றன.

அம்மரபில் வழங்கும் கதை இது. உடன்பிறந்தோர் இருவர் ஏரிக்கரையில் நோன்பிருந்தனர். ஒருவருக்குச் சோளக் கதிர் கிட்டியது. அவர் நிலைத்துத் தங்கி உழவு செய்ய வேண்டும் என்பது அதன் குறிப்பு. மற்றவருக்குப் புனிதப் புகையிலையின் விதை கிட்டியது. மேற்கே உயர்ந்த மலைகளை நாடிச் சென்று அவ்விதையை ஊன்ற வேண்டும் என்பது அவருக்கு வாய்த்த ஆணை. அவரைப் பின்பற்றிச் சென்றோரே அப்சாலூக்கே ஆயினர். யெல்லோஸ்டோன், பிக்ஹார்ன் ஆறுகள் பாயும் நிலம் அவர்தம் தாயகமாயிற்று. உழவைக் கைவிட்டுக் காட்டெருமை வேட்டையை மேற்கொண்ட பின்னரும், இப்புகையிலையை மட்டும் அவர்கள் சடங்கோடு விதைத்துவந்தனர். இப்பயிர் தழைக்கும்வரை தம் இனமும் தழைக்கும் என்பது அவர்களது நம்பிக்கை.

குலம் என்னும் பிணைப்பு

குரோ மக்களின் குலமுறை தாய்வழிப்பட்டது. குழந்தை தாயின் குலத்தில் பிறக்கிறது. தந்தையின் குலத்திற்கோ அது 'பிள்ளை' ஆகிறது. குலத்தைக் குறிக்கும் அவர்களது சொல், ஆற்று வெள்ளத்தில் மிதந்துவரும் கட்டைகள் ஒன்றோடொன்று சிக்கிக் கரையில் தங்குவதைச் சுட்டுகிறது. தனித்து மிதக்கும் கட்டை வெள்ளத்தோடு போய்விடும்; பின்னிக் கிடப்பவையே நிலைக்கும். ஒரு சமூகக் கொள்கை முழுவதும் இவ்வொரு சொல்லில் அடங்கியிருப்பதைக் காண்கிறோம்.

இவ்வமைப்பில் ஒவ்வொருவர்க்கும் ஒரு கடமை உண்டு. தந்தையின் குலத்தார் குழந்தைக்குப் பெயர் சூட்டுவர். அதன் நல்வாழ்வுக்கு வேண்டுதல் செய்வர். அது செய்த நற்செயலை ஊரறியப் புகழ்வர். கண்டிக்கும் பொறுப்பு வேறொரு சாராரைச் சேரும். ஒரே குலத்தைச் சேர்ந்த தந்தையர்க்குப் பிறந்தோர் தமக்குள் கேலிமுறையினர் ஆவர். நம் வழக்கில் மாமன் மைத்துனரிடையே கேலிப்பேச்சு நிகழ்வது போன்றதே இது. ஆயினும், அங்கு அதற்குச் சமூகப் பயன் ஒன்றுண்டு. ஒருவர் தகாத செயல் புரிந்தால் கேலிமுறையினர் அதனைப் பலர் முன்னிலையில் எள்ளி நகையாடுவர், எள்ளப்பட்டவர் சினங்கொள்ளலாகாது. தண்டனையின்றித் திருத்தும் முறையாக அது அமைந்தது.

உறவுச்சொல் காட்டும் உலகம்

மானிடவியல் பயில்வோர் 'குரோ வகை உறவுமுறை' என்ற தொடரை அறிவர். குரோ மொழியில் தந்தையின் உடன்பிறந்தாளையும், அவளுடைய மகளையும், அம்மகளின் மகளையும் ஒரே சொல்லால் அழைப்பர். தந்தையின் உடன்பிறந்தாளுடைய மகனோ 'தந்தை' எனப்படுவான். தலைமுறை வேறுபாடு மறைந்துவிடுவதால் இது நமக்கு வியப்பளிக்கலாம். காரணம் எளிது. அவர்கள் அனைவரும் தந்தையின் குலத்தார். சொல் அவர்களது வயதை நோக்காமல் குலத்தை நோக்குகிறது. தமிழில் அத்தையை ஒரு சொல்லாலும் அவருடைய மகளை வேறொரு சொல்லாலும் குறிக்கிறோம். நம் சொற்கள் மணவுறவுக்கு உரியவர் யார், உரியரல்லாதவர் யார் என்பதைப் பிரித்துக் காட்டுகின்றன.

அமெரிக்க அறிஞர் லூயிஸ் ஹென்றி மார்கன் 1871ஆம் ஆண்டு வெளியிட்ட உறவுமுறை ஒப்பீட்டு நூலில் வட அமெரிக்கப் பழங்குடியினரின் உறவுச்சொற்களோடு தமிழின் உறவுச்சொற்களும் இடம்பெற்றன. உறவுச்சொற்களை ஒரு சமூகத்தின் அமைப்பைக் காட்டும் சான்றாகக் கொள்ளும் ஆய்வுமுறைக்கு அந்நூலே அடித்தளம். எனவே, ஓர் உறவுச்சொல் வழக்கொழியும்போது அச்சொல் சுட்டிய கடமையும் மங்கத் தொடங்குகிறது என்பதை நாம் எண்ணிப்பார்த்தல் வேண்டும்.

நிலம் சுருங்கிய வரலாறு

1851ஆம் ஆண்டு ஒப்பந்தம் ஏறத்தாழ 38 மில்லியன் ஏக்கர் நிலத்தைக் குரோ மக்களுடையதாக ஏற்றது. 1868ஆம் ஆண்டு ஒப்பந்தத்தில் அது ஏறத்தாழ 8 மில்லியன் ஏக்கராகக் குறைந்தது. இன்று அவர்தம் ஒதுக்கீட்டுப் பகுதியின் பரப்பு 2 மில்லியன் ஏக்கரைச் சற்றே விஞ்சும். லக்கோட்டா முதலிய வலிய பகைவரால் நெருக்குண்டிருந்த அவர்கள், எஞ்சிய நிலத்தையேனும் காக்கும் பொருட்டு அமெரிக்கப் படைக்குத் துணைநின்றனர். ஆயினும், நிலம் சுருங்குவது நிற்கவில்லை. 1880களில் காட்டெருமைக் கூட்டங்களும் அழிந்தொழிந்தன.

அக்காலத்தில் மக்களை வழிநடத்தியவர் பிளென்டி கூஸ் என்னும் தலைவர். இளமையில் அவர் கண்ட கனவில் பெருங்காற்று ஒரு காட்டையே சாய்த்தது. ஒரு மரம் மட்டும் நின்றது. அதில் சிறு பறவை ஒன்று வாழ்ந்தது. பிறர் பேசுவதைக் கூர்ந்து கேட்டுக் கற்பது அப்பறவையின் இயல்பு எனக் கருதப்பட்டது. வலிமையை மட்டும் நம்பாமல் கேட்டுக் கற்றலால் பிழைக்க வேண்டும் என்று முதியோர் அதற்குப் பொருளுரைத்தனர். இளையோர் கல்வி பெற வேண்டுமென அவர் இறுதிவரை வற்புறுத்தினார். 1932இல் அவர் மறைந்தார்.

அவ்வறிவுரைக்கு இலக்கணமாய் அமைந்தவர் ஜோ மெடிசின் குரோ. 1939இல் முதுகலைப் பட்டம் பெற்ற அவர், குரோ மக்களுள் அப்பட்டம் பெற்ற முதல்வர். போர்த்தலைவன் எனப்படுவதற்குக் குரோ மரபு நான்கு செயல்களை வேண்டும்: பகைவனைத் தொடுதல், அவன் படைக்கலத்தைப் பறித்தல், பகைவர் குதிரையைக் கவர்தல், படைப்பிரிவை வெற்றியுடன் நடத்துதல். இரண்டாம் உலகப் போரில் ஐரோப்பாவில் போரிட்ட அவர் இந்நான்கையும் நிறைவேற்றினார். தம் கையில் சிக்கிய செருமானிய வீரன் தாயை விளித்துக் கதறியபோது அவனைக் கொல்லாது விடுத்தார். பகைவனைத் தொடுதலே வீரம் என்ற மரபில் அதனால் குறையொன்றும் இல்லை. ஊர் திரும்பிய பின் அவர் தம் இனத்தின் வரலாற்றாசிரியராக நெடுங்காலம் பணியாற்றினார். 2016இல், 102 வயதில், காலமானார்.

மொழியின் இன்றைய நிலை

நிலத்தையும் வேட்டையையும் இழந்த பின்னரும் குரோ மக்கள் தம் மொழியை இழக்கவில்லை. 1960களின் இறுதியில்கூடப் பள்ளியில் சேர்ந்த குரோ குழந்தைகளுள் பெரும்பாலோர் தாய்மொழியையே பேசிவந்தனர். ஆயினும், அதன்பின் ஓரிரு தலைமுறைக்குள் நிலைமை தலைகீழாயிற்று. இன்று அம்மொழியைப் பேசுவோர் சில ஆயிரவரே. அவருள்ளும் மூத்தோரே மிகுதி. படையெடுப்பாலும் பஞ்சத்தாலும் அழியாத மொழி, வீட்டில் பிள்ளைகளோடு பேசப்படாமையால் தளர்ந்தது.

அம்மக்கள் வாளாவிருக்கவில்லை. 1980இல் தொடங்கப்பட்ட லிட்டில் பிக் ஹார்ன் கல்லூரி குரோ மொழியையும் வரலாற்றையும் கற்பிக்கிறது. அகராதியும் பாடநூல்களும் கைபேசிச் செயலியும் உருவாக்கப்பட்டுள்ளன. 1904இல் உழவை ஊக்குவிக்க அரசு அலுவலர் தொடங்கிய 'குரோ சந்தை'யை அவர்கள் தம் சொந்த விழாவாகவே மாற்றிக்கொண்டனர். ஒவ்வோர் ஆகஸ்டிலும் நூற்றுக்கணக்கான கூம்புக் கூடாரங்கள் அங்கு எழுகின்றன.

ஆயினும், அகராதி சொல்லைக் காக்கலாம். சொல்லுக்குரிய உறவை வீடே காக்க இயலும். பெயர் சூட்டும் முதியவரும் கேலி செய்யும் முறையினரும் அம்மொழியில் பேசும்வரைதான் குலம் என்னும் சொல் பொருளுடையதாக இருக்கும். தமிழ் கற்பிக்கும் நாமும் கற்கும் மாணவரும் இதனை நெஞ்சில் இருத்துவோம். வகுப்பறையில் கற்ற உறவுச்சொல்லால் இன்று மாலை வீட்டில் ஒருவரையேனும் அழைப்போம்.