சான்றிதழ் புதுசு, பாடம் பழசு

நாற்பது ஆண்டுகளுக்கு முன் கட்டிய வீட்டில் மின்சாரம் போகும் வழி முழுவதும் கண்ணுக்குத் தெரியும். சுவரில் ஓடும் மரச்சட்டம், அதில் வரிசையாக அறைந்த கிளிப்புகள், கிளிப்புக்குள் வயர், மூலையில் வட்ட மரக்கட்டை, மீட்டர் பலகையில் பீங்கான் பியூஸ். தொழிலைக் கற்ற வழியும் அப்படித்தான் வெளிப்படையாக இருந்தது. ஒரு வயர்மேனிடம் கையாளாகச் சேர்ந்து, ஏணி பிடித்து, சுவர் கொத்தி, வயர் இழுத்துப் பழகியவர் சில ஆண்டுகளில் சட்டைப்பையில் டெஸ்டரோடு தனியாகக் கிளம்பினார். ஐடிஐயில் 2 ஆண்டு படித்தவரும் கடைசியில் அதே ஏணியில்தான் ஏறினார்.

அரசும் அனுபவத்தை மதித்தது. தமிழ்நாட்டில் மின்கம்பியாள் உதவியாளர் தகுதிகாண் தேர்வை எழுத, வயரிங் வேலையில் 5 ஆண்டு அனுபவமும் 21 வயதும் போதும். மேல் வயது வரம்பு இல்லை. 1956-ஆம் ஆண்டின் இந்திய மின்சார விதிகளில் 45-வது விதி ஒரு கோடு கிழித்திருந்தது. பல்பு, பியூஸ், சுவிட்ச் மாற்றுவதை யாரும் செய்யலாம். அதற்கு மேற்பட்ட வேலையை உரிமம் பெற்ற ஒப்பந்ததாரர்தான், தகுதிச் சான்றிதழ் உள்ளவரின் மேற்பார்வையில் செய்ய வேண்டும்.

அன்று ஒருமுறை கற்றது ஆயுளுக்கும் போதுமானதாக இருந்ததற்குக் காரணம், பொருள்கள் மாறாமல் இருந்ததுதான். குண்டு பல்பு, சோக் வைத்த டியூப்லைட், சீலிங் ஃபேன், மிஞ்சினால் ஒரு மோட்டார். வழிகாட்டும் நூலும் அவசரப்படவில்லை. 1985-இல் வந்த தேசிய மின் விதித்தொகுப்பு, 2011 வரை திருத்தப்படவே இல்லை.

இன்று அதே வயர்மேன் ஒரு புது வீட்டுக்குள் நுழைந்தால் வயர் எதுவும் கண்ணில் படாது, எல்லாம் காங்கிரீட்டுக்குள். பலகையில் எம்சிபி, மின்கசிவைக் கண்டால் இணைப்பைத் துண்டிக்கும் ஆர்சிசிபி. மாடியில் சோலார், படிக்கட்டடியில் இன்வெர்ட்டர், வண்டி நிறுத்துமிடத்தில் மின்வாகன சார்ஜர். 2024-இல் தொடங்கிய ஒன்றிய அரசின் சோலார் திட்டம் 1 கோடி வீட்டுக் கூரைகளைக் குறிவைக்கிறது. அத்தனைக்கும் வயர் இழுக்கப்போவது இந்தக் கைகள்தான்.

தெரியாதது மட்டும் ஆபத்தென்றால் சமாளிக்கலாம். தெரிந்ததே ஆபத்தாக மாறியிருப்பதுதான் சிக்கல். ஃபேஸுக்கும் எர்த்துக்கும் நடுவே டெஸ்ட் லேம்ப் பிடித்து, பல்பு பளிச்சென்று எரிந்தால் எர்த் நன்றாக இருக்கிறது என்பது பழைய பாடம். 60 வாட் பல்பு சுமார் 260 மில்லி ஆம்பியர் இழுக்கும். 30 மில்லி ஆம்பியர் கசிந்தாலே விழ வேண்டிய ஆர்சிசிபி அந்த நொடியே விழுந்துவிடும். இரண்டு சர்க்யூட்டின் நியூட்ரலை ஒன்றாக முறுக்கிவிடும் பழக்கமும் அன்று யாரையும் உறுத்தவில்லை. இன்று அதனாலும் ஆர்சிசிபி விழும். காரணம் புரியாதவர் “இது சும்மா சும்மா விழுது சார்” என்று அதையே பைபாஸ் செய்துவிடுகிறார். உயிர் காக்க வைத்த கருவி அத்தோடு அலங்காரப் பொருளாகிவிடுகிறது.

மெயினை அணைத்தால் லைனில் கரண்ட் இல்லை என்ற நம்பிக்கையும் போயிற்று. வெயில் உள்ளவரை சோலார் தகட்டில் மின்னழுத்தம் இருக்கும். ஏசி மின்னோட்டம் நொடிக்கு 100 முறை பூஜ்ஜியத்தைத் தொடுவதால் தீப்பொறி தானே அணைய வழியுண்டு. சோலார் தகடு தரும் டிசியில் அந்த வழி இல்லை. தளர்வான ஒரு இணைப்பே கூரையில் தீயை மூட்டப் போதும்.

தேசிய மின் விதித்தொகுப்பு 2023-இல் மறுபடி திருத்தப்பட்டது. ஆனால் நம் ஊரில் சான்றிதழைப் புதுப்பிப்பது பெரும்பாலும் விண்ணப்பமும் கட்டணமும் சார்ந்த காரியமாகவே இருக்கிறது. அமெரிக்காவில் விதித்தொகுப்பு 3 ஆண்டுக்கொரு முறை திருத்தப்படுகிறது. டெக்சாஸில் எலக்ட்ரீஷியன் உரிமத்தை ஆண்டுதோறும் புதுப்பிக்க 4 மணி நேரம் படிக்க வேண்டும். கலிபோர்னியாவில் 3 ஆண்டுக்கு 32 மணி நேரம். அங்கும் மணிக்கணக்கை நிரப்பினால் போதும் என்று திரையைத் தட்டிவிட்டுப் போகிறவர்கள் இருக்கலாம். ஆனாலும் விதி மாறியதென்ற செய்தியாவது தொழிலாளியை எட்டிவிடுகிறது.

இங்கே அந்த வேலையை யூடியூபும் வாட்ஸ்அப் குழுவும், கம்பெனிகள் மதியச் சாப்பாட்டோடு நடத்தும் டீலர் கூட்டங்களும் பார்க்கின்றன. கம்பெனி தன் பொருளைத்தான் சொல்லித்தரும்; விதியைச் சொல்லித்தர அதற்கு அவசியமில்லை. தினக்கூலிக்காரரிடம் ஒரு வாரம் வகுப்புக்கு வா என்பதும் நியாயமில்லை. ஐடிஐ பட்டறைகள் மாலையில் பூட்டித்தான் கிடக்கின்றன. புதுப்பிக்க வருபவரை இரண்டு மாலை அங்கே வரவழைத்து, ஆர்சிசிபி பலகையிலும் டிசி கனெக்டரிலும் வயரின் காப்பைச் சோதிக்கும் மெக்கரிலும் கைவைக்கச் சொன்னால் போதும். அந்த இரண்டு மாலைக்கும் கூலி கொடுத்தால், வராதவர் இருக்கமாட்டார்.