அடுப்படிக் கணக்கு – 17: சோற்றுக்கு ஒரு பதம், பரோட்டாவுக்கு ஒரு பதம்

ரசம் இருக்கிறது, சோறு இருக்கிறது, தொட்டுக்கொள்ள ஒன்றுமில்லை. போன வாரம் ரசத்தோடு நிறுத்தியபோதே இந்தக் கேள்வி வரும் என்று தெரியும். காய்க்கூடையைக் கவிழ்த்தால் ஒரு கைப்பிடி சின்ன வெங்காயம் உருளும். கறிவேப்பிலை பாதி காய்ந்திருக்கும். அஞ்சறைப்பெட்டியில் எல்லாம் இருக்கும், முட்டையும் நாலு இருக்கும். இந்த நிலைமையில் முட்டை சாப்பிடும் வீடுகளில் கை தானாகப் போவது பொடிமாஸ் பக்கம்தான். கால் மணி நேரம் போதும்; அதில் பாதி வெங்காயம் உரிப்பதிலேயே போய்விடும்.

இவ்வளவு சுலபமான வேலைக்கு ஒரு வாரத்துக் கட்டுரையா? சுலபம் என்பதால்தான் யாரும் யோசிப்பதில்லை. ஒரு வீட்டில் பொடிமாஸ் ரப்பர் மாதிரி இழுக்கிறது, இன்னொரு வீட்டில் தட்டில் தண்ணீர் விடுகிறது. இரண்டுக்கும் காரணம் சூடு. எவ்வளவு சூடு வேண்டும் என்பதை இலையில் பக்கத்தில் எது இருக்கிறதோ அதை வைத்துத்தான் முடிவு செய்ய வேண்டும். ரசம் சோற்றுக்கான முட்டை வேறு, பரோட்டாவுக்கான முட்டை வேறு, ரொட்டிக்கானது வேறு. இதைத் தீர்மானிக்காமல் அடுப்பைப் பற்றவைத்தால், எதற்கும் ஒட்டாத ஒரு நடுவாந்தரப் பொருள்தான் கிடைக்கும்.

முட்டைக்குள் நடப்பதைக் கொஞ்சம் பார்த்துவிடுவோம். ஒரு முட்டையில் முக்கால் பங்கு தண்ணீர். வெள்ளைக்கருவை மட்டும் எடுத்தால் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர். மீதி பெரும்பாலும் புரதம். பச்சை முட்டையில் அந்தப் புரதங்கள் சுருண்டு தனித்தனியாக மிதக்கின்றன. சூடு பட்டதும் அவிழ்ந்து, ஒன்றோடொன்று கோத்துக்கொண்டு வலையாகி, தண்ணீரை உள்ளே பிடித்துக்கொள்கின்றன. வெந்த முட்டை மெத்தென்று இருப்பது இதனால்தான். வெள்ளைக்கரு 60 டிகிரி செல்சியஸைத் தாண்டியதும் கெட்டிப்படத் தொடங்கும். மஞ்சள்கரு 65 டிகிரியை ஒட்டி இறுகத் தொடங்கி, 70இல் உருவம் பிடித்துவிடும். வெள்ளைக்கருப் புரதத்தில் பாதிக்கு மேல் இருக்கும் ஓவால்புமின் மட்டும் 80ஐத் தாண்டினால்தான் அசையும். ஆக, கொதிக்கும் தண்ணீரின் சூடுகூட முட்டைக்கு அதிகம். நம் சட்டியில் தாளிப்புக்குக் காய்ந்த எண்ணெயோ 150க்கு மேல் நிற்கிறது. வெந்தபிறகும் கிளறிக்கொண்டே இருந்தால் வலை மேலும் மேலும் இறுகி, பிடித்த தண்ணீரைப் பிழிந்து வெளியே தள்ளுகிறது. தண்ணீர் சட்டியிலேயே ஆவியானால் ரப்பர். ஆவியாக விடாமல் இறக்கினால் தட்டில் குளம்.

இனி ரசம் சோற்றுக்கு வருவோம். கரைத்துப் பிசைந்த சோறு நாக்கில் நிற்காமல் இறங்கிவிடும். நடுவில் பல்லில் படுகிறமாதிரி ஒன்று வேண்டும். அதனால் பொடிமாஸ் உதிரியாக, காரமாக, ஓரம் லேசாக முறுகியும் இருக்க வேண்டும். பிரெஞ்சுச் சமையல்காரர் இதைப் பார்த்தால் தலையில் கை வைப்பார். அவர்கள் வெண்ணெயில், மிகச் சிறு தீயில், கூழ் பதத்தில் கிண்டி இறக்குபவர்கள். முட்டையில் பழுப்பு நிறம் விழுந்தால் குற்றம். வெண்ணெய் தடவிய ரொட்டிக்கு அந்தக் கூழ் அருமையான ஜோடி. ரசம் சோற்றோடு வைத்துப் பாருங்கள், இருப்பது தெரியாமல் கரைந்து போகும்.

நாலு முட்டைக்கு ஒரு கைப்பிடி சின்ன வெங்காயம், இரண்டு பச்சை மிளகாய், ஒரு இணுக்குக் கறிவேப்பிலை. இரும்புச் சட்டி இருந்தால் நல்லது. இரண்டு மேசைக்கரண்டி நல்லெண்ணெய் விட்டு, நன்றாகக் காய்ந்தபின் கடுகு, உளுத்தம்பருப்பு, பிறகு மற்றவை. இங்கேதான் பெரும்பாலோர் அவசரப்படுகிறார்கள். வெங்காயத்திலும் பத்தில் ஒன்பது பங்கு தண்ணீர்தான். அது வெளியேறும் முன்பே முட்டையை ஊற்றினால், முட்டை எண்ணெயில் பொரியாமல் வெங்காயத் தண்ணீரில் வேகும். உப்பில் பாதியை இப்போதே வெங்காயத்தில் போட்டுவிடுங்கள். உப்பு தண்ணீரை இழுத்து வெளியே தள்ளும். சட்டியில் ‘சொய்ங்’ என்ற ஈரச்சத்தம் அடங்கி, வெங்காயத்தின் விளிம்பு பழுக்கும்வரை பொறுமை. கால் தேக்கரண்டி மஞ்சள்தூள் போட்டு ஒரு புரட்டு.

அடுத்தது, முட்டையை அடித்து ஊற்றுவதா, நேராகச் சட்டியில் உடைத்துவிடுவதா என்ற பழைய வழக்கு. டம்ளரில் உடைத்து, உப்புப் போட்டு ஸ்பூனால் அடித்து ஊற்றினால் முழுக்க ஒரே மஞ்சளாக, மென்மையாக, சின்னச் சின்ன உதிரியாக வரும். குழந்தைகளுக்கும் சப்பாத்திக்குள் வைத்துச் சுருட்டவும் அது சரி. சோற்றுக்கு நான் நேராக உடைப்பவர்கள் கட்சி. வெள்ளை ஒரு துண்டு, மஞ்சள் ஒரு துண்டு என்று தனித்தனியாக வாயில் தட்டுப்படுவதில் ஒரு சுகம் இருக்கிறது. அடித்த முட்டையில் அந்தச் சுகம் போய்விடும். எந்தக் கட்சியானாலும் ஒவ்வொரு முட்டையையும் முதலில் ஒரு கிண்ணத்தில் உடைத்து, முகர்ந்து பார்த்துவிட்டு ஊற்றுங்கள். கெட்டுப்போன நாலாவது முட்டை, நல்ல மூன்றையும் வதக்கிய வெங்காயத்தையும் சேர்த்துக் குப்பைக்கு அனுப்பும்.

ஊற்றியதும் கிளறாதீர்கள். தீயைக் குறைத்து, அடியில் வெள்ளை படிய விடுங்கள். பிறகு தோசைத் திருப்பியின் விளிம்பால் பெரிய துண்டுகளாக வெட்டிப் புரட்டுங்கள். மறுபடி கொஞ்சம் சும்மா விடுங்கள். நொடிக்கு நொடி கிண்டினால் துண்டே உருவாகாமல் ரவையாகிவிடும். துண்டுகளின் மேல் இன்னும் ஒரு பளபளப்பு ஈரம் இருக்கும்போதே அடுப்பை அணைத்துவிட வேண்டும். இரும்புச் சட்டி அத்தனை சூட்டைச் சேமித்து வைத்திருக்கும், மீதியை அது பார்த்துக்கொள்ளும். மிளகுத்தூள் அணைத்தபிறகுதான். மிளகின் வாசனை எண்ணெய்ச் சூட்டில் சீக்கிரம் பறந்துவிடுகிற சங்கதி. தேங்காய்த் துருவல் பிடிக்குமென்றால் அதுவும் இப்போது. தயிர்சோற்றுக்கு என்றால் தேங்காயை விட்டுவிட்டு மிளகை இரட்டிப்பாக்குங்கள்.

பரோட்டாவுக்கு இதையெல்லாம் அப்படியே தலைகீழாக்க வேண்டும். பரோட்டா உலர்ந்தது, மெல்லக் கடினமானது. அதற்கு வேண்டியது வழுக்கல். கொங்குப் பக்கத்துப் பரோட்டாக் கடைகளிலிருந்து மாநிலம் முழுக்கப் பரவிய கலக்கி இந்தக் கணக்கைச் சரியாகப் போடுகிறது. அடித்த முட்டையில் கொஞ்சம் சால்னா, உப்பு, மிளகு. சூடான கல்லில் ஊற்றிய கணமே கரண்டியால் ஒரு சுழற்று, நாலு பக்கமும் உள்ளே மடக்கு, எடு. வெளியே தோல் மட்டும் பிடித்திருக்கும், உள்ளே கொழகொழவென்று நிற்கும். மாஸ்டர் அரை நிமிடம்கூடக் கல்லில் விடமாட்டார்.

கலக்கி ரசிகர்கள் கோபித்துக்கொள்ளக் கூடாது, ஒரு எச்சரிக்கை. பாதி வெந்த முட்டையில் சால்மோனெல்லா கிருமி இருந்தால் அது உயிரோடுதான் இருக்கும். முட்டை முழுக்க 71 டிகிரியைத் தொட்டால் பயமில்லை. கலக்கியின் நடுப்பகுதி அதைத் தொடுவதில்லை. 2025 ஏப்ரலில் தமிழக அரசு பச்சை முட்டை மயோனைஸை ஓராண்டுக்குத் தடை செய்ததற்குப் பின்னால் இருப்பதும் இதே கிருமிதான். கர்ப்பிணிகள், சின்னக் குழந்தைகள், வயதானவர்கள் பொடிமாஸ் கட்சியில் சேர்ந்துவிடுவது நல்லது.

தக்காளி பற்றிப் பலர் கேட்கிறார்கள். போடலாம், ஆனால் அதுவும் தண்ணீர் மூட்டை. எண்ணெய் பிரியும்வரை வதங்கினால்தான் முட்டைக்கு இடம். சீனர்கள் தங்கள் தக்காளி முட்டையில் இதற்கு அழகான வழி வைத்திருக்கிறார்கள். முட்டையை முதலில் தனியாகப் பெரிய துண்டுகளாகப் பொரித்து எடுத்து வைத்துவிட்டு, அதே சட்டியில் தக்காளியைக் குழம்பு பதத்துக்கு வேகவைத்து, கடைசியில் முட்டையைத் திரும்பச் சேர்க்கிறார்கள். முட்டை கூடுதலாக வேகாது, தக்காளியும் பச்சையாக நிற்காது. சோற்றில் பிசைந்து சாப்பிடலாம். அதோடு ரசம் வேண்டாம்.

வெங்காயமே இல்லாத நாளும் உண்டு. அன்றைக்கு டப்பாவில் தாளிப்பு வடகம் இருந்தால் கவலையில்லை. வெங்காயமும் கடுகும் உளுந்தும் வெந்தயமும் கூட்டி வெயிலில் காயவைத்த உருண்டையை ஒரு நெல்லிக்காய் அளவு உதிர்த்து, மிதமான எண்ணெயில் பொரித்து, மேலே முட்டை. சாதாரணப் பொடிமாசைவிட இது ஒரு படி மேல் என்பது என் கட்சி. கடலோர வீடுகளில் சென்னாக்கூனி இருக்கும். அந்தக் குட்டி இறாலை மண் போக நாலைந்து தண்ணீரில் அலசி, ஈரம் போக வறுத்து, வெங்காயத்தோடு வதக்கி முட்டை ஊற்றுவார்கள். கூனியிலேயே உப்பு இருப்பதால் கை கட்டுப்பாடாக இருக்க வேண்டும். கொல்லையில் முருங்கை நின்றால் கீரையை உருவி, வெங்காயத்தோடு சுருள வதக்கி முட்டை. கீரை ஈரத்தை உறிஞ்சிக்கொள்ளும், தண்ணீர் விடும் பிரச்சினையே வராது. இட்லிப்பொடி தூவுகிறவர்களும் இருக்கிறார்கள். எனக்கு அதில் பெருங்காயம் தூக்கலாக இருப்பதாகத் தோன்றும், நீங்கள் போட்டுப் பாருங்கள்.

முட்டை இப்படி அரிசி, பருப்பு வரிசையில் வந்து உட்கார்ந்ததற்கு நாமக்கல்தான் காரணம். அன்றாட விலை தினசரிகளில் வருகிற அளவுக்கு அது பெரிய சந்தை. 30 முட்டை அட்டைகளாக லாரி ஏறிக் கேரளத்துக்கும், கப்பல் ஏறி வளைகுடா நாடுகளுக்கும் போகிறது. சத்துணவில் 1989இல் இரண்டு வாரத்துக்கு ஒன்றாக நுழைந்த முட்டை, 2010இல் வாரத்துக்கு ஐந்தாக உயர்ந்தது. நாமக்கல்லின் முட்டைப் பண்ணைகளில் சேவல் கிடையாது. நாம் வாங்கும் முட்டை அடைவைத்தாலும் பொரிக்காது. முட்டை சைவமா அசைவமா என்று பந்தியில் சண்டை போடுகிறவர்கள் இரண்டு பேருமே இந்தத் தகவலைத் தங்கள் பக்கத்துக்கு இழுத்துக்கொள்வார்கள், நான் நடுவில் வரவில்லை.

வாங்கிய முட்டையைக் கழுவி வைக்காதீர்கள். ஓட்டின் மேலிருக்கும் மெல்லிய படலம்தான் கிருமியைத் தடுக்கிறது. சமைக்கும்போது கழுவினால் போதும். கூர்முனை கீழே இருக்கட்டும். நாளாக ஆக உள்ளிருக்கும் ஈரம் ஓட்டின் துளைகள் வழியே வெளியேறி, அகலமான பக்கத்துக் காற்றறை பெரிதாகும். தண்ணீரில் போட்டால் புது முட்டை படுத்துக்கொள்ளும், பழசு நிமிர்ந்து நிற்கும், ரொம்பப் பழசு மிதக்கும். நிமிர்ந்து நிற்பதை ஆஃப்பாயிலுக்கு எடுத்தால் வெள்ளை கல் முழுக்க ஓடி, மஞ்சளும் உடையும். உருவம் முக்கியமில்லாத பொடிமாசுக்கு அதுவே போதும். மிதப்பதைத் தூர எறியுங்கள்.

கடைசியில் சட்டி. வாடை போக வேண்டும் என்று வெந்நீரை ஊற்றுகிறவர்கள் பலர். ஒட்டியிருக்கும் மீதி முட்டையும் அதில் வெந்து இன்னும் கெட்டியாகப் பிடித்துக்கொள்ளும். முதலில் பச்சைத் தண்ணீரில் ஊறவிட்டுத் தேய்த்துவிட்டு, பிறகு எவர்சில்வராக இருந்தால் கொஞ்சம் புளி போட்டுத் தேயுங்கள். இரும்புச் சட்டியில் புளி வேண்டாம், பழக்கி வைத்த எண்ணெய்ப் படலத்தையே உரித்துவிடும். அதற்குக் கல்லுப்புப் போட்டுத் தேய்த்து, அடுப்பில் ஈரம் போகக் காயவைத்து, ஒரு சொட்டு எண்ணெய் தடவிக் கவிழ்த்துவிடுங்கள்.

(அடுத்த வாரம்: பழைய புளியா, புதுப் புளியா?)