வங்கக் கடலுக்கு அப்பால் ஓர் எரிமலை

அண்மையில் பழவேற்காட்டு மாணவி ஒருத்தி என்னைக் காண வந்திருந்தாள். மீனவர் குடியில் பிறந்தவள். "ஐயா, அந்தமானில் ஒரு மலை தீப்பற்றி எரிகிறதாமே! அது வெடித்தால் மறுபடியும் கடல் எங்கள் ஊருக்குள் வருமா?" என்று கேட்டாள். 2004ஆம் ஆண்டில் அவள் பிறக்கவில்லை. ஆயினும் 'மறுபடியும்' என்னும் சொல் அவள் வாயில் வந்தது. பெற்றோரின் அச்சம் பிள்ளையின் நாவில் ஏறியிருந்தது. அவளுக்கு அன்று நான் கூறிய விடையையே இன்று, மாணவச் செல்வங்களே, உங்கள் முன் விரித்துரைக்க விழைகின்றேன்.

அவள் குறிப்பிட்ட மலை பாரன் தீவு. இந்தியாவில் இன்றும் விழிப்புடன் இருக்கும் எரிமலை இது ஒன்றே. நம் திண்டிவனத்திலிருந்து நேர் கிழக்கே கடலில் கோடு கிழித்துக்கொண்டு போனால், வங்கக் கடலைக் கடந்து, அந்தமான் தீவுகளையும் தாண்டி, ஏறத்தாழ 1,500 கிலோமீட்டரில் அதனை அடையலாம். தீவின் குறுக்களவு 3 கிலோமீட்டர் அளவே. கடலுக்கு மேல் தெரியும் உயரம் சுமார் 350 மீட்டர். ஆனால் நாம் காண்பது மலையின் முடி மட்டுமே. அடிவாரம் கடலடியில் 2,000 மீட்டருக்கும் கீழே கிடக்கின்றது. மனிதர் எவரும் அங்குக் குடியிருக்கவில்லை.

அதன் சரித்திரத்தைச் சிறிது காண்போம். 1787இல் அது பொங்கியதைக் கண்டவர்கள் குறித்து வைத்துள்ளனர். 1789இல் அவ்வழிச் சென்ற கப்பற்படை அதிகாரி ஆர்ச்சிபால்டு பிளேர், அது கற்களை வீசி எறிவதைக் கண்டார். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலும் சிலமுறை சீறிற்று. பின்னர் ஒன்றரை நூற்றாண்டுக்கு ஏறக்குறைய உறங்கிற்று. 1991இல் மீண்டும் விழித்தெழுந்து, பாறைக் குழம்பைக் கடல்வரை ஓடவிட்டது. 1994-95, 2005, 2017, 2025 ஆகிய ஆண்டுகளிலும் அது பொங்கியதுண்டு. நெடுங்காலம் உறங்கிய எரிமலையை இறந்துவிட்டதெனக் கருதுவது பிழை என்பதற்கு இதுவே சான்று.

'தீப்பற்றி எரிகிறது' என்றாள் அம்மாணவி. உண்மையில் எரிமலை எரிவதில்லை. கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் உருக்காலைகளைப் பார்த்திருப்பீர்கள். உலையில் செந்நிறமாய்க் கொதிக்கும் எஃகு எரிகின்றதா? இல்லை, வெப்பத்தால் உருகி நிற்கின்றது. பாறைக் குழம்பும் அவ்வாறே. வியப்பு யாதெனில், எஃகு உருக 1,500 பாகை அளவு வெப்பம் வேண்டும். இத்தகைய எரிமலைக் குழம்புக்கோ 1,100 பாகை அளவே போதும். வெப்ப அளவில் நம்மூர் உலையே எரிமலையை விஞ்சிவிடுகின்றது!

பாறை உருகக் காரணம் என்ன? இந்தியாவைத் தாங்கும் நிலத்தட்டு, அந்தமானுக்கு மேற்கே கடலடிப் பள்ளமொன்றில் கிழக்கு நோக்கிச் சரிந்து, அடுத்த தட்டின் கீழே இறங்கிக்கொண்டிருக்கின்றது. இறங்கும் பாறையோடு நீரும் செல்கின்றது. ஆழத்தில் அந்நீர் வெளிப்பட்டு மேலுள்ள சூடான பாறையிற் கலக்கும்போது, அப்பாறை குறைந்த வெப்பத்திலேயே உருகிவிடுகின்றது. உருகிய குழம்பு இலேசானது, ஆகவே மேலெழும்புகின்றது. அதனுள் அடங்கிய வாயுக்கள், சோடாப் புட்டியைத் திறந்தாற்போல, மேலே வந்ததும் நுரைத்துப் பீறிடுகின்றன. இதுவே எரிமலையின் பொங்கல்.

இனி அபாயத்தைப் பற்றிப் பார்ப்போம். இவ்வகை எரிமலைகளில் பெயர்போனது இந்தோனேசியாவின் கிரக்கத்தோவா. 1883 ஆகஸ்டு 27இல் அது வெடித்த ஓசை 4,800 கிலோமீட்டருக்கு அப்பாலுள்ள ரோட்ரிகஸ் தீவிலும் கேட்டது. கடலலைகளில் மாண்டோர் 36,000 பேருக்கு மேல். அவ்வலைகள் தேய்ந்து தேய்ந்து, சென்னை, நாகப்பட்டினம் துறைகளின் அலையளவிகளில் சிறு கோடுகளாகப் பதிந்தன. அடுத்த மாதம் சென்னையில் சூரியன் பச்சையாகத் தோன்றிற்று. அங்கேயே பின்னர் முளைத்த 'கிரக்கத்தோவாவின் பிள்ளை' என்னும் மலை, 2018 டிசம்பர் 22 இரவு ஒரு பக்கம் சரிந்து கடலில் விழுந்தது. முன்னறிவிப்பாக நில அதிர்ச்சி எதுவும் இல்லை. அண்டைக் கரைகளில் 400 பேருக்கு மேல் மடிந்தனர்.

பாரன் தீவும் இவ்வாறு சரியலாகாதா என்று கேட்கலாம். சரிந்தால் முதலில் துன்புறுவன அந்தமானின் கீழ்க்கரைகளே. மலைச்சரிவால் எழும் அலை தொலைவு செல்லச் செல்ல விரைவில் வலுக்குன்றும். மேலும் அந்த எரிமலை இருப்பது தீவுக்கூட்டத்துக்குக் கிழக்கே. நமக்கும் அதற்கும் இடையே அந்தமான் தீவுகள் மதில்போல் நிற்கின்றன. அதன் பொங்கல்களும் கிரக்கத்தோவாவோடு ஒப்பிடச் சிறியவை. ஆகவே அம்மலையை எண்ணிப் பழவேற்காட்டார் உறக்கம் இழக்க வேண்டுவதில்லை.

ஆனால் என் விடை இத்துடன் முடியவில்லை. எரிமலையை உண்டாக்கிய அதே நிலத்தட்டு, மதிலுக்கு இப்புறம், நம்மை நோக்கிய பக்கத்தில், நழுவக் காத்துக் கிடக்கின்றது. 2004 டிசம்பர் 26 காலை 6.29க்கு அதுவே சுமத்ராவுக்கு அருகில் தொடங்கி அந்தமான் வரை பிளந்தது. சுமார் இரண்டரை மணி நேரம் கழித்து ஆழிப்பேரலை சென்னைக் கரையை அடைந்தது. தமிழகத்தில் ஏறத்தாழ 8,000 பேர் மாண்டனர். எண்ணிப் பாருங்கள்: இரண்டரை மணி நேரம்! ஒரு குழந்தையும் கரையைவிட்டு நடந்தே தப்பிவிடக்கூடிய நேரம். இல்லாமற்போனது நேரமன்று, செய்தியே. ஐதராபாத்தில் 2007 முதல் இயங்கும் ஆழிப்பேரலை எச்சரிக்கை நிலையம் அக்குறையைத் தீர்க்கவே அமைந்தது.

எரிமலை குற்றவாளியன்று, சாட்சி. கீழே தட்டு இறங்கிக்கொண்டேயிருக்கின்றது என்பதைப் புகையால் எழுதிக் காட்டும் சாட்சி. அம்மாணவியிடம் நான் இறுதியாகச் சொன்னது இதுதான்: "அம்மா, மலை புகைந்தால் அஞ்சாதே. தரை நெடுநேரம் அதிர்ந்தாலோ, கடல் திடீரென உள்வாங்கினாலோ, எச்சரிக்கை வந்தாலோ, வேடிக்கை பார்க்க நில்லாதே. மேட்டு நிலத்துக்கு ஓடு. ஓடும்போது தங்கையின் கையையும் பிடித்துக்கொள்." அவள் தலையசைத்தாள். வீட்டுக்குப் போய்ப் பாட்டியிடமும் சொல்வதாகக் கூறிச் சென்றாள். நீங்களும் உங்கள் வீட்டாரிடம் சொல்லுங்கள்.